மேனேஜருக்கு யார் பொறுப்பு?

"என் பேரைப் போடாதீங்க அத்தை. எனக்கு இது வேண்டாம்."

மருமகள் இப்படிச் சொல்வாள் என்று அம்மா கனவிலும் நினைக்கவில்லை. வக்கீலம்மாவின் பேனா பாதியில் நின்றது. பக்கத்தில் உட்கார்ந்திருந்த பெரிய மகன் தலையைக் குனிந்துகொண்டான்.

வக்கீலம்மாவிடம் வந்ததே சின்னவனுக்காகத்தான். முப்பது வயதைத் தாண்டியும் குழந்தை மனசு. அம்மா நடத்தும் தையல் சாமான் கடையில், வருகிறவர்களுக்குக் கதவைத் திறந்துவிடுவான். நலம் விசாரிப்பான். பட்டன் நிறம் துணிக்குப் பொருந்தாவிட்டால் விற்கவே விடமாட்டான். தெருவே அவனை மேனேஜர் என்றுதான் கூப்பிடும். ஆனால் யார் எங்கே கையெழுத்துக் கேட்டாலும் சிரித்துக்கொண்டே போட்டுக் கொடுத்துவிடுவான்.

வீட்டையும் கடையையும் அவன் பேரில் எழுதினால் அரசாங்க உதவி நின்றுபோகும், ஏமாற்றுகிறவனுக்கும் வசதியாகிவிடும் என்று வக்கீலம்மா சொல்லியிருந்தார். அதற்குப் பதில் ஒரு டிரஸ்ட் எழுதி அதில் வைத்துவிடலாம். உயிரோடு இருக்கும்வரை அம்மாவே நடத்தலாம். அதன்பிறகு, அம்மா சொல்கிற ஆள் அந்தச் சொத்தைச் சின்னவனுக்காக மட்டும் செலவழிக்க வேண்டும்.

அந்த ஆள் பெரியவன் இல்லை என்பதில் அம்மா தெளிவாக இருந்தாள். தங்கமான பிள்ளைதான். ஆனால் யார் கண்ணைக் கசக்கினாலும் இருப்பதைத் தூக்கிக் கொடுத்துவிட்டு வருவான்.

மருமகள் அப்படியில்லை. மருந்துக்கடையில் வேலை பார்ப்பவள். எதிலும் கறார். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து சின்னவனிடம் ஒருதடவைகூட முகம் சுளித்ததில்லை. அவளே இன்று கையை உதறிவிட்டாள்.

"பரவாயில்லம்மா" என்றாள் அம்மா. "உனக்கும் குழந்தை குட்டி இருக்கு. நான் குறை சொல்லல."

வாய்தான் அப்படிச் சொன்னது. மனசு ஆறவில்லை.

வக்கீலம்மா இதுமாதிரி எத்தனையோ குடும்பங்களைப் பார்த்தவர். சொத்தை நிர்வகிக்க ஒரு வங்கியைப் போட்டுவிடலாம், அது பெரிய விஷயமில்லை என்றார். பிறகு கொஞ்சம் தயங்கினார்.

"உங்களுக்கு அப்புறம் அவர் எங்கே இருக்கணும்னும் எழுதணும். நல்ல இல்லமா ஒண்ணு பார்த்துச் சொல்லுங்க."

பெரியவன் ஏதோ சொல்ல வாயெடுத்தான். அதற்குள் மருமகள் முந்திக்கொண்டாள்.

"இல்லம் எதுக்கு மேடம்? அந்த இடத்துல என் பேரைப் போடுங்க."

மூன்று பேரும் அவளையே பார்த்தார்கள். அவள் அம்மாவின் பக்கம் திரும்பினாள்.

"சொத்தை பேங்க் பார்த்துக்கட்டும் அத்தை, அவனை நான் பார்த்துக்கறேன். ரெண்டும் என் கையிலேயே இருக்க வேண்டாம். இன்னைக்கு நான் நல்லவதான். நாளைக்கு மனசு மாறிட்டா? அவனுக்குக் கேட்கத் தெரியாது. அவனுக்காக என்னைக் கேள்வி கேட்க, வெளியில ஒருத்தர் இருக்கணும்."