நீலப்பால்

ஐந்தே முக்காலுக்கு எழுந்தேன். வேலியிலிருந்து ஏழு சங்குப்பூக்களைப் பறித்து வெந்நீரில் போட்டேன். தண்ணீர் நீலமானதும் வடிகட்டிச் சீனி கலந்து கண்ணாடிக் கிளாஸில் ஊற்றினேன். நான்கு ரொட்டியில் காயா என்ற தேங்காய்ப்பால் ஜாம் தடவினேன். இரண்டு முட்டை அவித்தேன்.

மூன்று மாதமாகத் தினமும் இதேதான். இன்று கூடுதலாக ஒரு வேலை. என் மகள் குமுதாவின் துணிகளைப் பையில் அடுக்கி வாசலில் வைத்தேன்.

குமுதாவுக்கு ஆறு வயது. அவள் அம்மா மாதவி இறந்ததிலிருந்து வீட்டில் எதையும் தொட மாட்டேன் என்கிறாள். நீலப்பால் குடித்தால்தான் அதன் பிறகு ஏதாவது சாப்பிடுவாள்.

நீலப்பால் மாதவியின் கற்பனை. அவள் சொன்ன கதையில் ஒரு தோட்டம் இருந்தது. அங்கே மரத்தை வெட்டினால் நீல நிறத்தில் பால் வடியும். அதைக் குடிக்காதவர்கள் கொஞ்சம் கொஞ்சமாக மெலிந்து, கண்ணாடி மாதிரி ஆகி, ஒரு நாள் காணாமல் போய்விடுவார்கள்.

மாதவியின் அம்மா நாங்கள் குடியிருக்கும் இந்த ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர். தோட்டத்துக் கணக்கரான கிராணி சோதித்துப் பார்க்காமல் ஒரு வாளிப் பாலும் ஸ்டோருக்குள் போகாது என்பார். அதனால் கதையிலும் ஒரு கிராணி வந்தார். அந்த வேலை எனக்கு. கிராணி முதலில் ஒரு வாய் குடிக்க வேண்டும். பிறகு எலுமிச்சை பிழிந்தால் நீலம் ஊதாவாகும். அப்போதுதான் பால் பலிக்கும்.

கிராணியின் தட்டு காலியாகாமல் எலுமிச்சை பிழியக் கூடாது என்றும் ஒரு சட்டம் உண்டு. மாதவி இருந்தபோது அது கிடையாது. பிறகு குமுதா சேர்த்தது.

ஆறரைக்கு மாதவியின் அக்கா ரோகினி மந்தின் பட்டணத்திலிருந்து காரில் வந்து இறங்கினார்.

"துணியெல்லாம் எடுத்து வச்சிட்டீங்களா தம்பி?"

"ம்."

"பாலர் பள்ளி டீச்சர்கிட்ட பேசினேன். அங்க மீ கோரெங் ரெண்டாவது பிளேட் கேட்டு வாங்கிச் சாப்பிடுதாம். என் வீட்டுக்கு வந்தா எனக்குச் சோறு போட்டே மாளல. இங்கதான் வாயத் தொறக்க மாட்டேங்குது. உங்கமேல தப்பு சொல்லல லா. புள்ளைக்கு இந்த வீட்டுல இருக்க முடியல."

நானும் அப்படித்தான் நினைத்தேன். எல்லா இடத்திலும் அவளுக்குப் பசிக்கிறது, என் எதிரில் மட்டும் பசிப்பதில்லை. அதற்கு வேறு அர்த்தம் எனக்குத் தெரியவில்லை. அவளை ரோகினியோடு அனுப்பச் சம்மதித்துவிட்டேன்.

குமுதா ஒரு காலில் மட்டும் சப்பாத்து மாட்டிக்கொண்டு வந்தாள்.

"கிராணி, பால் வந்திருச்சா?"

"கிராணி இன்னிக்கு லீவு. நீயே பிழிஞ்சிக்கோ."

"கிராணிக்கு லீவு கெடையாது."

"இனிமே பெரியப்பாதான் உனக்குக் கிராணி."

"பெரியப்பா குண்டு. அவருக்குப் பால் வேணாம்."

ரோகினி சிரித்துவிட்டார். நான் என் தட்டைத் தள்ளி வைத்தேன். "எனக்குப் பசிக்கலம்மா. நீ சாப்பிடு."

அவள் என் இடுப்பைப் பார்த்தாள். நாளுக்கு அந்த ஒரு தட்டுதான் என் சாப்பாடு; பெல்ட்டில் நேற்றுதான் ஆணியால் புதிதாக ஒரு ஓட்டை போட்டிருந்தேன்.

"அப்ப எனக்கும் பசிக்கல," என்று வாயை இறுக்கிக்கொண்டாள்.

"பாத்தீங்களா?" என்றார் ரோகினி. "குமுதா, அடம் புடிக்கக் கூடாது. அம்மா கடைசியா முருகான்னு சொல்லிட்டுச் சாமிகிட்ட போனாங்கல்ல? அங்கேருந்து உன்னப் பாத்துக்கிட்டுதான் இருப்பாங்க."

சாவு வீட்டிலும் ரோகினி எல்லோரிடமும் அதைத்தான் சொன்னார். மாதவி போன நேரத்தில் நான் சுங்கை காடுட் தொழிற்சாலையில் வேலையில் இருந்தேன். ஆஸ்பத்திரியில் அவளோடு ரோகினியும் குமுதாவும்தான் இருந்தார்கள். மூன்று மாதமாக அந்த ஒரு சொல்லைத்தான் பிடித்துக்கொண்டிருந்தேன்.

"அம்மா முருகான்னு சொல்லல," என்றாள் குமுதா. "பெரியம்மா அப்ப அங்க இல்ல. எனக்கு மைலோ வாங்கப் போயிட்டாங்க."

ரோகினி என்னைப் பார்க்கவில்லை. "நான் திரும்பி வரும்போதே முடிஞ்சிருச்சு தம்பி. எல்லாரும் கேட்டாங்க. என்ன சொல்றதுன்னு தெரியல."

நான் தரையில் உட்கார்ந்தேன். "அம்மா என்னம்மா சொன்னாங்க?"

"ரகசியம். உங்ககிட்ட சொல்லக் கூடாது."

"கிராணிகிட்ட?"

அவள் வாசலில் இருந்த பையைப் பார்த்தாள். பிறகு தட்டை என் மடியில் கொண்டுவந்து வைத்தாள். நான் ஒரு ரொட்டியைக் கடித்து விழுங்கும்வரை காத்திருந்தாள்.

அப்புறம் என் காதருகே வந்து, மாதவி மூச்சு வாங்கிய இடத்தில் தானும் நிறுத்திச் சொன்னாள்.

"நீ சாப்பிட மாட்டேன்னு அடம் புடி... அப்பதான் அப்பா சாப்பிடுவாரு."