ஜன்னல் பக்கம்

சுவர் மூலையில் பழுப்பாக இருப்பதைக் கறை என்று நினைத்துப் பெயிண்டர் ரோலரை ஓட்டிவிடுகிறார். வெள்ளைக்கு அடியில் கறை நெளிகிறது. பழுப்புச் சிறகு விலகி, உள்ளே மடித்து வைத்திருந்த மஞ்சள் சிறகு பளிச்சென்று தெரிகிறது. விளக்கைப் போட்டால் நாலு வந்து மோதுகிற சாதாரண அந்துப்பூச்சிதான். இருந்தும் அவருக்குக் கை கூசுகிறது. மெல்ல வழித்து இடது உள்ளங்கையில் வைத்து ஊதிப் பார்க்கிறார். காலை வெயில் காலிக் கட்டிலின் மேல் விழுந்து கிடக்கிறது. வீட்டுக்காரம்மா ஓசையில்லாமல் கதவருகே வந்து நிற்க, அவர் கை தானாக மூடிக்கொள்கிறது. “அண்ணே, அந்த மூலையில ஒரு பூச்சி உக்காந்திருக்குமே? அப்பா படுத்தபடியே அதுகிட்டதான் பேசிட்டிருப்பாரு. எங்கிட்டகூட அவ்வளவு பேசமாட்டாரு.” “பறந்துருச்சும்மா.” பொய் நாக்கு நுனியில் தயாராகவே இருந்திருக்கிறது. பெயிண்ட் வேலை முடியும்வரை கிழவரை ஹாலில் படுக்கவைத்திருக்கிறார்கள். அவள் அந்தப் பக்கம் திரும்பி, “அப்பா, அது பறந்து போயிருச்சாம்” என்கிறாள். அங்கிருந்து கிழவரின் குரல் மெலிதாக வருகிறது. “எந்தப் பக்கம் போச்சுன்னு கேளும்மா.” பெயிண்டர் ரோலரைத் தூக்கி ஜன்னலைக் காட்டுகிறார். ஒரு வெள்ளைச் சொட்டு தரையில் விழுகிறது. மூடிய இடது கைக்குள் குறுகுறுப்பு இன்னும் நிற்கவில்லை.