தொடாத தண்ணீர்

"தண்ணியைக் குடியுங்கோ தங்கச்சி, வெயிலுக்கை வந்தனீங்கள்," என்று சீவரத்தினம் மறுபடியும் சொன்னார்.

அவருடைய மகள் பிரசாந்தியைப் பெண் பார்க்க வந்திருந்த மகாதேவியும் கணவரும் மகன் கீர்த்திகனும் சிரித்தார்கள். தம்ளர்களை மட்டும் தொடவில்லை.

பெண் பார்க்கப் போன வீட்டில் தண்ணீரைத் தொடவில்லை என்றால் சம்பந்தம் வேண்டாம் என்று அர்த்தம். அதை யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை.

அடுப்படியில் நின்ற மனைவி ஞானாம்பிகை அவரைக் குசினிக்குள் கூப்பிட்டாள்.

"அவைக்கு விசயம் தெரிஞ்சு போச்சுதப்பா."

"ஆர் சொன்னது? நாங்கள் உரும்பிராய் ஆக்கள் எண்டுதானே புரோக்கரிட்டைச் சொன்னனாங்கள்."

"முந்தின சம்பந்தமும் உப்பிடித்தானே குழம்பினது. இன்னும் எத்தினை பேருக்கு ஒளிக்கிறது? எனக்குக் களைச்சுப் போச்சுது. உள்ளதைச் சொல்லிப் போட்டு விடுங்கோ."

அவருக்கும் அலுத்துத்தான் போயிருந்தது. திரும்பி வந்து கதிரையில் உட்கார்ந்தார்.

"தங்கச்சி, நாங்கள் இந்த உரும்பிராய் ஆக்கள் இல்லை. எங்கடை ஊரிலை மின்சார நிலையத்துக்கு முன்னாலை இருந்தனாங்கள். அதின்ரை கழிவு எண்ணெய் நிலத்துக்கை இறங்கி எங்கடை கிணறெல்லாம் பழுதாப் போச்சுது. அந்த ஒழுங்கையிலை குடியிருந்த சனம் முழுக்க வெளிக்கிட்டிட்டம். அந்தத் தண்ணி குடிச்ச பெட்டைக்குப் பிள்ளை பிறக்குமோ எண்டு கதைக்கினம். அதாலைதான் மறைச்சனாங்கள். விருப்பமில்லையெண்டால் போங்கோ, நான் கோவிக்கமாட்டன்."

கதவோரம் நின்ற பிரசாந்தி தலையைக் குனிந்துகொண்டாள். நல்ல பிள்ளை, அவளுக்கு இந்த அவமானம் தேவையே இல்லை.

மகாதேவி கணவரைப் பார்த்தாள். அவர் தலையாட்டினார். அவள் தம்ளரை எடுத்து மூக்கருகே பிடித்து மோந்தாள். யன்னல் வெளிச்சத்தில் சாய்த்து, எண்ணெய்ப் படலம் மிதக்கிறதா என்று உற்றுப் பார்த்தாள். பிறகு ஒரே மடக்கில் குடித்து முடித்தாள். கணவரும் மகனும் அப்படியே செய்தார்கள்.

"குறை நினையாதேங்கோ அண்ணை," என்றாள் மகாதேவி. "மோந்து பாக்காமல் எங்களுக்குத் தண்ணி இறங்காது. மோந்தால் எங்கடை ஊர் உங்களுக்குத் தெரிஞ்சு போகும் எண்டுதான் பயந்துகொண்டு இருந்தனாங்கள். நாங்கள் அந்த மின்சார நிலையத்துக்குப் பின்பக்கம்."