ஆமென் வரும் வரை

கணக்கு வகுப்புக்கு மணி அடித்தாயிற்று. ஜெபம் முடியாமல் யாரும் உட்காரக்கூடாது என்பது இந்தப் பள்ளியின் சட்டம். கரும்பலகையில் பாதிக் கணக்கின் மேல் வெயில் விழுந்திருக்க, மொத்த வகுப்பும் கண்ணை மூடி நிற்கிறது. இன்று திக்கிப் பேசும் பெண்ணின் முறை. “ஆண்டவரே, எங்கள் ப... ப...” பொறுமையிழந்த முதல் ரேங்க்காரி, “படிப்பை” என்று எடுத்துக் கொடுக்கிறாள். பின்பெஞ்சில் முனகல். “வாயை வச்சுக்கிட்டுச் சும்மா இருடி. எடுத்துக் குடுத்தா அவ மொதல்லேருந்து வருவா.” டீச்சரின் விரலிடுக்கில் சாக்பீஸ் இரண்டாக ஒடிகிறது. “ஆமென். போதும்மா, ஆண்டவருக்குப் புரிஞ்சிருக்கும். எல்லாரும் உட்காருங்க.” அவள் கண்ணைத் திறக்கவில்லை. “அவருக்குப் பு... புரியும் மிஸ். நா... நான்தான் முடிக்கணும்.” ஒரு பெஞ்சுகூடக் கிறீச்சிடவில்லை. பாதி உட்கார்ந்த முதல் ரேங்க்காரியும் உச்சுக்கொட்டியபடி எழுந்துகொள்கிறாள். சாக்பீஸ் துண்டுகளை மேசையில் போட்டுவிட்டு, பல்லைக் கடித்துக்கொண்டு டீச்சரும் கண்ணை மூடுகிறார். “ஆண்டவரே,” என்று முதலிலிருந்து ஆரம்பிக்கிறாள் அவள்.