கன்னத்தில் ஒரு கறை

பஞ்சு சுற்றிய குச்சியை நாக்கில் ஒற்றி ஒற்றிப் பெரியவரின் கன்னத்தைத் துடைத்தாள் அவள். துடைக்கத் துடைக்கக் கோபம் தலைக்கேறியது.

பெரியவர் இப்போது வெறும் படம்தான். அருங்காட்சியகக் கூடத்தில் ஆளுயரத்துக்குத் தொங்குபவர். அவர் முகத்தில் யாரோ காறித் துப்பியிருந்தார்கள்; இது முதல் தடவையும் அல்ல. எச்சில் காய்ந்து, மேல்பூச்சு வெள்ளையாகப் பூத்திருந்தது. வண்ணத்துக்கு நோகாமல் அதை எடுக்க எச்சிலைவிட நல்ல மருந்து கிடையாது என்பது, ஓவியங்களைச் செப்பனிடும் அவளுக்குத் தெரியும். எவனோ துப்பியதற்குத் தன் நாக்கு வறள வேண்டுமா என்று பொருமினாள்.

“கண்ணை எங்கய்யா வச்சிருந்தே?” என்று காவலாளி மீது பாய்ந்தாள்.

காப்பாட்சியர் அதற்கு மேல் கொதித்துப்போயிருந்தார். பெண் பிள்ளைகளுக்கென்று முதல் பள்ளிக்கூடம் கட்டிய மகான் அவர், படத்தைக் கொடுத்ததே அவர் மகள், அந்த அம்மா முகத்தில் இனி எப்படி விழிப்பது என்று சத்தம் போட்டார். நாளையிலிருந்து வேலைக்கு வர வேண்டாம் என்று காவலாளியிடம் சொல்லியும் விட்டார்.

காவலாளி கையெடுத்துக் கும்பிட்டான். வெளியாள் எவரையும் கிட்ட விட்டதில்லை என்றான். அந்த அம்மா வரும்போதெல்லாம் படத்துக்குக் கீழே உள்ள பித்தளைத் தகட்டை வாசித்துக் காட்டுவதே நான்தான், வாசித்துவிட்டு, அப்பாவோடு தனியாக இருக்கட்டும் என்று வாசல் பக்கம் ஒதுங்கி நிற்பேன், வேண்டுமானால் அவரையே கேளுங்கள் என்றான்.

ஆளனுப்பி அவரை வரவழைத்தார்கள். கூடத்துக்குள் நுழைந்தவர், நாக்கில் ஒற்றிய பஞ்சு அப்பாவின் கன்னத்தில் படுவதைப் பார்த்து அப்படியே நின்றார்.

“கையை எடும்மா,” என்றார்.

காப்பாட்சியர் பதறிப்போனார். இது அவமரியாதை இல்லை, கறையை எடுக்கும் முறையே இதுதான் என்று விளக்கினார். துப்பியவனை விடப்போவதில்லை, காவலாளியைக்கூட நிறுத்திவிட்டோம் என்று சமாதானம் சொன்னார்.

அந்த அம்மாள் காவலாளியைப் பார்த்தார். பிறகு படத்தின் பக்கம் திரும்பினார்.

“இந்தத் தம்பிய விட்டுடுங்க. ஊர்ப் பொண்ணுங்களுக்கெல்லாம் பள்ளிக்கூடம் கட்டினவரு, என்னை மட்டும் அந்த வாசப்படிய மிதிக்க விடல. துப்பினது நான்தான்.”