பாலம் வைத்த மொய்

ஆவணி பிறந்ததும் எங்கள் ஆற்றுப் பாலத்திடமிருந்து போனில் அழைப்பு வந்தது. தூணில் விரிசலாம். சரிசெய்ய மொய் விருந்து வைக்கிறதாம். கறிச்சோறு உண்டாம், குடும்பத்தோடு வரணுமாம்.

"பாலத்துக்கெல்லாம் மொய்யா?" என்று என் வீட்டுக்காரர் நீலமேகம் சிரித்தார். "நமக்கு ஒண்ணுன்னா அது வந்து திருப்பிச் செய்யுமா?"

"செய்யுதுங்க. மொய் வச்சவங்க அவசரமாப் போனா மத்த வண்டியெல்லாம் நிறுத்தி வழி விடுது."

"வரி கட்டுறவன் நான். அதுக்கு மேல ஒரு பைசா தர மாட்டேன்."

விருந்துக்கு நாங்கள் போகவில்லை.

ஐப்பசியில் அவருக்கு நெஞ்சு வலி வந்தது. பக்கத்து வீட்டுக் காரில் ஏற்றிக்கொண்டு ஓடினோம். பாலத்தில் லாரியும் பஸ்ஸுமாக அடைத்துக்கொண்டு நின்றன. மொய் வைக்காத பாவத்துக்கு இங்கேயே போய்விடுவாரோ என்று அவர் கையை இறுகப் பிடித்துக்கொண்டேன். அப்போது எதிர்ப்பக்கம் வந்த வண்டியெல்லாம் பாலத்துக்கு வெளியிலேயே நின்றன. காலியான அந்தப் பக்கமாகப் போக எங்களுக்கு மட்டும் பச்சை சிக்னல் விழுந்தது.

மறுநாள் ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தபடி அவர் போனைத் திறந்தார். பாலம் அனுப்பியிருந்தது: 'நீலமேகம் அவர்களுக்கு மொய்: ஆஸ்பத்திரி வரை வழி. புது நடை.'

புது நடை என்றால், அதுவரை கொடுக்கல் வாங்கல் இல்லாதவர் முதன்முதலாக வைக்கிற மொய். திருப்பிச் செய்யாவிட்டால் எங்கள் பக்கம் தலைகாட்ட முடியாது.

அவர் போனை என்னிடம் நீட்டினார்.

"நம்மள முந்திக்கிச்சே, புள்ள," என்றார். "அது வீட்டு விசேஷம் அடுத்து எப்ப வருதாம்?"