தூரோடு

அவள் நாத்தனார் நம்புச்செல்வியின் வலக்கை விரல்களுக்குத் துணி சுற்றிக்கொண்டிருந்தாள். இல்லாவிட்டால் கடல்பாசி பறிக்கும்போது பாறை கிழித்துவிடும். இடக்கைக்குத் தானே சுற்றிக்கொள்ளலாம். வலக்கைக்கு இன்னொருத்தி வேண்டும்.

"என்ன மதினி, மாப்பிள்ளை மோதிரம் போடுற மாதிரி தடவிக்கிட்டே இருக்கீக? அதுக்குள்ள பாசி கிழடாயிரும்."

வள்ளத்தில் இருந்த பெண்கள் எல்லோரும் சிரித்தார்கள்.

நம்புச்செல்வி நீர்க்கண்ணாடியை மாட்டிக்கொண்டு கடலில் குதித்தாள்.

முந்தின நாள் நம்புவின் பை முடிச்சு அவிழ்ந்து நீரோட்டத்தோடு போயிருந்தது. அத்தனை பாசியும் போச்சு. அதனால் அன்று நம்பு பைக்கயிற்றை இடுப்போடு சேர்த்து இரட்டை முடிச்சாகப் போட்டிருந்தாள். இழுத்தால் அவிழ்கிற முடிச்சைத்தான் பாசிக்காரிகள் போடுவார்கள்.

பை பாறை இடுக்கில் சிக்கிக்கொண்டது.

கயிற்றை அறுத்துத்தான் நம்புவை வள்ளத்தில் ஏற்றினார்கள்.



வீட்டில் அவளுக்கு இருப்புக் கொள்ளவில்லை.

உலை வைப்பாள். பாதியில் எழுந்து வாசலுக்குப் போவாள். புருஷன் தன் தங்கச்சி படத்துக்கு முன்னால் அசையாமல் உட்கார்ந்திருப்பான். அவளால் அப்படி உட்கார முடியவில்லை. படுத்தால் அலைச் சத்தம். காதைப் பொத்தினாலும் அலைச் சத்தம்.

காரியம் முடிந்த மறுநாளே வள்ளத்தில் ஏறினாள்.

ஒருத்தி துணியோடு கிட்டே வந்தாள். அவள் தன் கையை இழுத்துக்கொண்டாள்.

பை சிக்கிய அந்தப் பாறைக்கே முழுகிப் போனாள்.

மரிக்கொழுந்துப் பாசி கொத்துக்கொத்தாக ஆடிக்கொண்டிருந்தது. ஒன்றும் நடக்காதது போல. நுனியை மட்டும் கிள்ளித் தூரை விட்டுவிட வேண்டும். விட்டால்தான் திரும்பத் தழைக்கும். விடாதவளை எந்த வள்ளத்திலும் ஏற்றமாட்டார்கள்.

அவள் தூரோடு பிடுங்கினாள்.

ஒரு கொத்து. இன்னொன்று. நகம் பெயர்ந்தது. எதையும் பையில் போடவில்லை. பிடுங்கிப் பிடுங்கி எறிந்தாள். இந்தக் கல்லில் இனி ஒன்றும் முளைக்கக் கூடாது. மொட்டையாகக் கிடக்கட்டும்.

தண்ணீர் கலங்கியது.

கலங்கலுக்குள் சின்ன மீன்கள் கூட்டமாக வந்தன. தூர் பெயர்ந்த இடத்தைக் கொத்தித் தின்றன. அவள் விரலில் கசிந்த ரத்தத்தையும் மோந்து பார்த்தன. விரட்டினாள். விலகின. திரும்ப வந்தன.

நெஞ்சு அடைத்தது. இன்னும் ஒரு கொத்து. கை எட்டிவிட்டது. பிடித்தும் விட்டாள்.

மூச்சு முட்டியது.

விட்டுவிட்டுக் காலை ஊன்றி எழுந்தாள்.

வெயில். வள்ளம். தன்னையே பார்த்துக்கொண்டிருக்கும் பெண்கள்.

தண்ணீர் அவள் மார்பளவு.

நம்பு போன அன்றைக்கும் அவ்வளவுதான்.